முறையை முடிக்காத ராசாங்கம்

கொக்குமேட்டுக்காரர்களை முட்டாள்கள் என்று யாரும் முகத்துக்கு நேரே சொல்வதில்லை. சொன்னால், பாவம், நம்பிவிடுவார்கள். அப்புறம் நாம்தான் உட்கார்ந்து சமாதானம் பண்ண வேண்டும். நமக்கு எதற்கு அந்த வம்பு?

அந்தக் கொக்குமேட்டில் ராசாங்கம் என்று ஒருவன். இருபத்தொன்பது வயது. நல்ல உழைப்பாளி, கெட்ட பழக்கம் ஒன்றும் கிடையாது. ஆற்றுக்கு அக்கரையில் இருக்கிற சாலைப்பட்டியில் பூங்கோதை என்ற பெண்ணைப் பார்த்தான். அன்றையிலிருந்து அவனுக்குச் சோறு இறங்கவில்லை. பூங்கோதைக்கும் சம்மதம்தான். அவள் அப்பாவுக்கும் சம்மதம். அவள் அண்ணன் கதிரேசன் மட்டும் குறுக்கே நின்றான்.

கதிரேசன் வெளியூரில் கம்ப்யூட்டர் வேலை பார்ப்பவன். சனி, ஞாயிறு மட்டும் ஊருக்கு வருவான். "கொக்குமேட்டு ஆளுக்கா என் தங்கச்சியைக் கொடுக்கறது? அந்த ஊர்ல மழை வந்தா குடையை நனையாம உள்ள வெச்சுட்டுப் போவானுங்க" என்றான்.

அப்பா கெஞ்சினார், அம்மா திட்டினாள், பூங்கோதை இரண்டு வேளை சாப்பிடாமல் கிடந்தாள். கடைசியில் கதிரேசன் ஒரு வழிக்கு வந்தான். அவன் கம்ப்யூட்டரில் ஒரு ஆட்டம் ஆடுவான். சும்மா சுடுகிற ஆட்டம் இல்லை. ஒரு நாட்டையே உண்டாக்கி, ஊர் கட்டி, படை திரட்டி, ஆண்டு காட்டுகிற ஆட்டம். சதுரங்கம் ஆடுகிற மாதிரி, ஒருத்தர் ஆடி முடித்த பிறகுதான் அடுத்தவர் ஆடலாம்.

"ஞாயித்துக்கிழமை காலைல ஒம்பது மணிக்கு அவன் அவன் ஊர்லேர்ந்து ஆடட்டும், நான் இங்கேர்ந்து ஆடறேன். என்னை ஜெயிச்சா தங்கச்சியைக் கொடுக்கறேன். தோத்தா இந்தப் பேச்சே எடுக்கக்கூடாது."

அவன் கெட்டவன் இல்லை. நியாயமான ஆள். ஜெயிக்கிற வழியையும் ஒரு தாளில் தமிழில் எழுதிக் கொடுத்தனுப்பினான். முதலில் ஆடுகிற வாய்ப்பையும் ராசாங்கத்துக்கே விட்டுக்கொடுத்தான். தாளின் அடியில் மட்டும் கொட்டை எழுத்தில் ஒரு விதி: "பாதியில் எழுந்து போகிறவர் தோற்றவர்."

தாள் கைக்கு வந்ததும் ராசாங்கம் நேராகப் பெரியப்பா மகன் சங்கிலியிடம் போனான். கொக்குமேட்டிலேயே படிப்பில் அனுபவசாலி சங்கிலிதான். மற்றவர்கள் பத்தாம் வகுப்பை ஒரு தடவைதான் படித்தார்கள். அவர் நாலு தடவை.

சங்கிலி ஆள் அனுப்பி இரண்டு பேரை வரவழைத்தார். ஒருவர் அமாவாசை, ராசாங்கத்துக்குச் சித்தப்பா முறை. கல்யாணம், காதுகுத்துக்கு ரேடியோ செட் கட்டுகிறவர். ஊரில் இருந்த ஒரே கம்ப்யூட்டர் அவருடையது. பாட்டுப் போட வாங்கி வைத்திருந்தார். இன்னொருவன் குழந்தைவேலு, ராசாங்கத்தின் மச்சான். ஆறடி உயரம், பல்லியைக் கண்டால் பயம்.

சங்கிலி தாளைக் கண்ணுக்கு நேரே பிடித்து முதல் வரியைப் படித்தார். "ஆற்றங்கரையில் தொடங்குங்கள்."

"அப்ப வீட்டுல ஆடக்கூடாதா?" என்றான் ராசாங்கம்.

"எழுதியிருக்கானே, கண்ணு தெரியலையா? ஆத்தங்கரைதான்."

"ஆத்துல தண்ணியே இல்லையேண்ணே."

சங்கிலி தாளைத் திருப்பிப் பின்பக்கமும் பார்த்தார். "தண்ணியைப் பத்தி ஒண்ணும் எழுதலை. கரைதான் கேட்டிருக்கான். கரை இருக்குல்ல?"

ஞாயிற்றுக்கிழமை விடிந்தும் விடியாமலும் மேசை, கம்ப்யூட்டர், ஜெனரேட்டர், நெட்டுக்கு ஒரு செல்போன் எல்லாம் ஆற்றங்கரைக்கு வந்து சேர்ந்தன. அமாவாசை பழக்க தோஷத்தில் வேப்பமரத்தில் இரண்டு குழாய் ஸ்பீக்கரையும் கட்டி, மைக்கையும் மேசைமேல் வைத்துவிட்டார். செட்டு என்றால் அவருக்கு அது முழு செட்டுதான்.

இரண்டாவது வரி: "சுற்றியுள்ள நிலத்தை அறிய உடனே ஓர் ஆளை அனுப்புங்கள்."

குழந்தைவேலு சைக்கிளில் போய் அரைமணி கழித்து மூச்சிரைக்க வந்தான். "கிழக்கே கருவேலங்காடு. மேக்கேயும் கருவேலங்காடு. வடக்கே நம்ம ஊரு. தெக்கே ஆறு, ஆத்துக்கு அந்தாண்ட சாலைப்பட்டி."

"சாலைப்பட்டி தெக்கேயா இருக்கு?" என்று அமாவாசை வியந்தார். நாற்பது வருஷமாக எதிரே பார்த்துக்கொண்டிருந்த ஊர்.

"இதுக்குத்தான் ஆளு அனுப்பணும்கறது" என்றார் சங்கிலி.

மூன்றாவது வரி: "எதிரி வருமுன் சுற்றிலும் சுவர் எழுப்புங்கள்." பக்கத்தில் செங்கல் சூளை இருந்தது நல்லதாய்ப் போயிற்று. நாலு பேரும் வேர்க்க விறுவிறுக்கக் கல்லை அடுக்கினார்கள். மார்பளவுக்குச் சுவர், மேசையைச் சுற்றிலும் ஒரு சந்து இல்லாமல் எழும்பியது. எல்லோரும் உள்ளே நின்று அடுக்கியதால் எல்லோரும் உள்ளே இருந்தார்கள். வெளியே போக வழி விடவில்லை என்பது அப்போது யாருக்கும் தோன்றவில்லை. எழுதிய தாளிலும் வழியைப் பற்றிப் பேச்சில்லை.

நாலாவது வரி: "உணவுக் கையிருப்பை உயர்த்திக்கொண்டே இருங்கள்."

அவர்களிடம் இருந்த கையிருப்பு ஒரு தூக்குவாளி எலுமிச்சம்பழச் சோறு. சங்கிலி அதை முதலில் மேசைமேல் வைக்கச் சொன்னார். பிறகு சுவர்மேல். "உயர்த்திக்கொண்டே இருங்கள்னு போட்டிருக்குப்பா" என்று நினைவுபடுத்தினார். அமாவாசை சுவருக்கு மேலே தொங்கிய வேப்பங்கிளையில் கயிறு போட்டு வாளியைக் கட்டி இழுத்தார். இழுத்துக்கொண்டே இருந்தார். உச்சிக்குப் போனதும் கயிறு கவட்டையில் மாட்டிக்கொண்டது. காக்காய்கள் வந்து மூடியைத் திறந்து சாப்பிட்டன.

"நல்ல உயரம்" என்றார் சங்கிலி திருப்தியாக.

ஒன்பது மணி. அமாவாசை ஆட்டத்தைத் திறந்தார். பச்சைப்பசேலென்று நிலம். நடுவில் ஒரு மாட்டுவண்டியும் ஒரு வேல்காரனும். ராசாங்கம் மனசுக்குள் பூங்கோதையை நினைத்துக்கொண்டான். இந்த வண்டியும் இந்த வேல்காரனும்தான் தனக்குக் கல்யாணம் பண்ணிவைக்கப் போகிறார்கள் என்று நினைத்தபோது அவனுக்குக் கண் கலங்கியது.

திரையில் பெரிய எழுத்தில் வந்தது: "உங்கள் முறை."

நாலு பேரும் அதையே பார்த்தார்கள்.

"என்னண்ணே கேக்கறான்?" என்றான் ராசாங்கம்.

சங்கிலி தாடையைத் தடவினார். "உங்க முறை என்னன்னு கேக்கறான். சம்பந்தம் பேசறதுக்கு முன்னாடி கேக்கற கேள்விதானே? ரெண்டு குடும்பத்துக்கும் கொடுக்கல் வாங்கல் முறை இருக்கா இல்லையான்னு தெரியாம எப்படிப் பொண்ணு குடுப்பான்?"

"அட, கம்ப்யூட்டர்ல இதெல்லாமா இருக்கு!" என்று அமாவாசை அதைத் தட்டிக்கொடுத்தார்.

குழந்தைவேலு விரல்விட்டுக் கணக்குப் போட்டான். போடப் போட அவன் முகம் சுருங்கியது. "மாப்ள, சொன்னா கோவிச்சுக்காத. எங்கம்மா வழியில பாத்தா பூங்கோதையோட அம்மா உனக்குச் சித்தி முறை ஆகுது."

"அப்ப பூங்கோதை?"

"தங்கச்சி."

ராசாங்கம் பொத்தென்று சுவரில் சாய்ந்தான். இரண்டு கல் விழுந்தது. "அடப்பாவி! இதைக் கண்டுபிடிக்கவா உன்னைக் கூட்டிட்டு வந்தேன்?"

"பொறுங்கப்பா" என்றார் அமாவாசை. "அவங்க வீட்டுக் காதுகுத்துக்கு நான்தான் செட்டு கட்டினேன். பந்தியில அந்தப் புள்ள, 'மாமா, இன்னும் கொஞ்சம் ரசம் ஊத்திக்கங்க'ன்னு சொல்லிச்சு. எம் காதால கேட்டேன்."

சங்கிலி நிமிர்ந்தார். "மாமான்னா சொல்லிச்சு? நல்லா ஞாபகம் இருக்கா சித்தப்பா?"

"ரசம் சூடா இருந்துச்சு. எப்படி மறக்கும்?"

"அப்ப நீங்க அதுக்கு மாமன். இவனுக்கு நீங்க சித்தப்பன். மாமன் வீட்டுப் பையன் இவன். டேய் ராசாங்கம், கட்டிக்கிற முறைதான்டா!"

ராசாங்கம் துள்ளிக் குதித்தான். மைக்கைப் பிடித்து, "கட்டிக்கிற முறைதாங்க!" என்று திரையைப் பார்த்துப் பதில் சொன்னான். அது இரண்டு குழாயிலும் புறப்பட்டு, காய்ந்த ஆற்றைத் தாண்டி, சாலைப்பட்டி முழுக்கக் கேட்டது. திரை ஒன்றும் சொல்லவில்லை. "ஏத்துக்கிட்டான்" என்றார் சங்கிலி.

அப்போதுதான் ராசாங்கம் திரையின் மூலையில் இருந்த பொத்தானைப் பார்த்தான். சிவப்புப் பொத்தான். அதில் எழுதியிருந்தது: "முறையை முடி."

நாலு பேர் முகத்திலும் ஈயாடவில்லை.

"பாத்தியாடா சூழ்ச்சியை!" என்று சங்கிலி பல்லைக் கடித்தார். "முறையைச் சொல்ல வெச்சு, அடுத்த நிமிஷமே நம்ம கையாலேயே அதை முடிச்சுக்க வெக்கறான். அதை அமுக்கினா உறவு அத்துப்போச்சு. யாரும் எலி மேல கை வெக்காதீங்க!"

ராசாங்கம் மவுஸைத் துண்டில் சுற்றி மடியில் கட்டிக்கொண்டான்.

அக்கரையில் கதிரேசன் திரையில் "எதிராளியின் முறை. காத்திருக்கவும்" என்று இருந்தது. காத்திருந்தான். பத்து மணி ஆயிற்று. பதினொன்று ஆயிற்று. 'பயங்கரமா யோசிக்கறானே' என்று முதலில் கொஞ்சம் மரியாதைகூட வந்தது. மத்தியானம் சாப்பிட எழுந்திருக்க முடியவில்லை, அவனே எழுதிய விதி. இடுப்பு விட்டுப்போயிற்று. மூன்று மணிக்குப் போன் பண்ணினான்.

அமாவாசை போனை வாங்கி மைக்கின் மேல் வைத்தார்.

"யோவ் ராசாங்கம், முறையை முடிய்யா!"

ராசாங்கம் மடியில் இருந்த மவுஸை இறுக்கிப் பிடித்துக்கொண்டான். "ஏங்க, அதை உங்க வாயால எப்படிங்க சொல்ல முடியுது?"

"ஆறு மணி நேரமாச்சுய்யா! நீ முடிச்சாத்தானே நான் அடுத்ததைப் பாக்க முடியும்?"

"அதானே! அடுத்த மாப்பிள்ளையைப் பாக்கத்தானே இவ்வளவு அவசரப்படறீங்க?"

"என்னய்யா உளர்ற? ஒரு பொத்தானை அமுக்கறதுக்கு என்ன கேடு உனக்கு? முடிய்யான்னா!"

ராசாங்கம் எழுந்து நின்றான். பிறகு விதி ஞாபகம் வந்து சட்டென்று உட்கார்ந்தான். கண்ணில் தண்ணீர் வழிந்தது. "முடிக்க மாட்டேங்க! என் உசுரே போனாலும் பூங்கோதையோட முறையை நான் முடிக்க மாட்டேன்! நீங்க என்னை வெட்டிப் போட்டாலும் சரி!"

குழாய் இரண்டும் அதிர்ந்தன. சாலைப்பட்டியில் துணி காயப்போட்டுக்கொண்டிருந்த பூங்கோதை ஈரப்புடவையை மார்போடு அணைத்தபடி அப்படியே நின்றுவிட்டாள். அவள் அம்மா முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அக்கம்பக்கத்துப் பெண்களெல்லாம் வந்து ஜன்னல் வழியாகக் கதிரேசனை முறைத்தார்கள். "நல்லா இருப்பியா நீ? கூடப்பொறந்தவ வாழ்க்கையை முடி முடின்னு கத்தறியே!" என்றாள் ஒருத்தி.

கதிரேசன் உட்கார்ந்த இடத்திலிருந்தே கையை நீட்டி ஜன்னலைச் சாத்தினான்.

ஐந்தே முக்காலுக்கு அவனுக்குப் பஸ். திங்கட்கிழமை வேலைக்குப் போகாவிட்டால் தொலைந்தான். ஐந்தரைக்குத் திரையைக் கடைசியாகப் பார்த்தான். "காத்திருக்கவும்." ஆட்டத்தை மூடி, பையைத் தூக்கிக்கொண்டு எழுந்துவிட்டான்.

ஆற்றங்கரைத் திரையில் வாண வேடிக்கை வெடித்தது. "எதிராளி வெளியேறினார். பேரரசரே, நீங்கள் வென்றீர்கள்!" மாட்டுவண்டி நின்ற இடத்திலேயே நின்றது. வேல்காரன் ஓர் அடி எடுத்து வைக்கவில்லை. உலகத்தில் இவ்வளவு கம்மியாக ஆண்டு ஜெயித்த பேரரசர் வேறு யாருமில்லை. நாலு பேரும் கட்டிப்பிடித்து ஆடிய ஆட்டத்தில் சுவர் நாலு பக்கமும் சரிந்தது. அதன் பிறகுதான் வீட்டுக்குப் போக வழி கிடைத்தது.

கதிரேசன் சொன்ன வாக்கை மீறவில்லை. தை மாதம் சாலைப்பட்டிக் கோயில் மண்டபத்தில் கல்யாணம். அதே மண்டபத்தில் அடுத்த முகூர்த்தம் வேறொரு கோஷ்டிக்கு. அவர்கள் மேளதாளத்தோடு வாசலில் வந்து நின்றதும் பூசாரி பதறினார்.

"நேரமாச்சு மாப்பிள்ளை, சட்டுப்புட்டுன்னு முறையை முடிங்க!"

ராசாங்கம் தாலியைக் கையில் பிடித்தபடி கல்லாய் உட்கார்ந்துவிட்டான். சங்கிலி, "முடிச்சுடாதடா!" என்று கூவினார். கதிரேசன் தலையில் அடித்துக்கொண்டு தூணில் போய்ச் சாய்ந்தான்.

பூங்கோதைதான் மெல்லக் குனிந்து சொன்னாள். "யார் சொன்னாலும் நீங்க முடிக்க வேணாம். சும்மா கட்டுங்க, போதும்."

கட்டினான். கெட்டிமேளம் முழங்கியது. அட்சதை விழுந்தது.

"ரெண்டு பேரும் எழுந்திருச்சு மூணு சுத்து வாங்க" என்றார் பூசாரி.

ராசாங்கம் எழுந்திருக்கவில்லை. "எழுந்திருக்கிறவங்க தோத்தவங்களாம். உங்கண்ணன் எழுதியே குடுத்திருக்கார்" என்று பூங்கோதையின் காதில் சொன்னான்.

பூங்கோதைக்கும் அது நியாயமாகப் பட்டது. கல்யாண நாளும் அதுவுமாகத் தோற்பானேன் என்று அவளும் மணையில் நன்றாகச் சம்மணம் போட்டு உட்கார்ந்துகொண்டாள்.

ஒரு மணி நேரம் கழித்து, வாசலில் மாலையும் கழுத்துமாக நின்ற அடுத்த மாப்பிள்ளையின் அப்பா உள்ளே எட்டிப் பார்த்தார். "ஏங்க, நாங்க எப்ப வரலாம்?"

சங்கிலி கைகூப்பி, மிகவும் பணிவாகச் சொன்னார்.

"கொஞ்சம் காத்திருங்க. இன்னும் உங்க முறை வரலை."