மணி கட்டிய எருமை

மயிலாத்தாள் மடத்து அடுப்படியில் உட்கார்ந்து அவரைக்கொட்டை உரித்துக்கொண்டிருந்தாள். கை உரித்ததே தவிர, காது வாசலில்தான் இருந்தது.

வாசலில் நாச்சாள் குருவிடம் முறையிட்டுக்கொண்டிருந்தாள். வெள்ளத்தில் போன அவளுடைய எருமை இப்போது ராசப்பன் கட்டுத்தறியில் நிற்கிறது. அவனோ, தரகரிடம் விலைக்கு வாங்கினேன் என்கிறான். அந்தத் தரகர் பௌர்ணமிக்குத்தான் ஊர் திரும்புவார். அன்றைக்குத்தான் குருவின் தீர்ப்பு. அதுவரைக்கும் ஒரு ஏற்பாடு சொல்லும் பொறுப்பை மூத்த சீடன் சென்னியப்பனிடம் குரு விட்டிருந்தார்.

எருமை நிற்கிற இடத்திலேயே நிற்கட்டும் என்று சொல்லிவிட்டான் சென்னியப்பன். காலைப் பால் ராசப்பனுக்கு, சாயங்காலப் பால் நாச்சாளுக்கு. கழுத்தில் மடத்து மணி.

மடத்து மணி கட்டிய மாட்டை எந்தச் சந்தையிலும் ஒருத்தரும் விலை கேட்கமாட்டார்கள்.

"மணியைக் கட்டிட்டா வயிறு நெறையுமாங்க சாமி? அவன் தீனி போடமாட்டான். பௌர்ணமிக்குள்ள எலும்பும் தோலுமா நிக்கும். என் மாடு என் வீட்டுக்கு வரோணும்" என்றாள் நாச்சாள்.

குரு சென்னியப்பனைப் பார்த்தார்.

"ரெண்டு பேரையும் கேட்டயா?"

"கேட்டனுங்க."

"கட்டுத்தறியைப் போய்ப் பார்த்தயா?"

"சொல்லாமத்தான் போனனுங்க. தொட்டி நெறையத் தீனி கெடந்துச்சு."

"கன்னுக்கு?"

"ஒரு காம்பு அதுக்கு விட்டுட்டுத்தான் கறக்கோணும்னு ரெண்டு பேருத்துகிட்டயும் சொல்லியிருக்கறனுங்க."

குரு தலையாட்டினார். "சென்னியப்பன் சொன்னபடியே இருக்கட்டும் நாச்சா. இன்னும் ஒம்பது நாள்தான."

நாச்சாள் முந்தானையை உதறிச் செருகிக்கொண்டு வேப்பமரத்தடிக்குப் போய்விட்டாள்.

குரு தண்ணீர் குடிக்க அடுப்படிக்கு வந்தார். மயிலாத்தாளுக்குப் பொறுக்கவில்லை.

"ஏனுங்கய்யா, முதல்லயே உங்களைக் கேட்டிருந்தா நீங்களும் இப்படித்தான் சொல்லியிருப்பீங்களா?"

"இல்ல அம்மிணி. மாட்டை நாச்சா வீட்டுக்கு ஓட்டிட்டுப் போகச் சொல்லியிருப்பேன்."

அவள் கை நின்றுபோனது.

"அப்புறம் ஏனுங்க மாத்தல?"

அன்றைக்குக் குழம்பு சென்னியப்பன் வைத்தது. குரு சட்டியைத் திறந்து, கரண்டியில் கொஞ்சம் மொண்டு ஆற்றி அவள் உள்ளங்கையில் விட்டார்.

"எப்படி இருக்குது?"

"நல்லாத்தான் இருக்குதுங்க. நானா இருந்தா கத்திரிக்காய்க்குப் பதிலா முருங்கைக்காய் போட்டிருப்பேன்."

"அப்படியா? கொட்டிட்டு மறுபடி வை."

"ஐயோ! எதுக்குங்க கொட்டறது?"

"நேத்து அவன் வச்சதைக் கொட்டினயே?"

"அது புழுக்கத்திரிக்காயிங்க. கண்ணுல பார்க்காமயே நறுக்கிப் போட்டிருந்தாரு."

"இன்னைக்கு?"

"பார்த்துத்தான் நறுக்குனாரு."

"நானும் அதைத்தான் வாசல்ல கேட்டேன்" என்றார் குரு.

மயிலாத்தாள் உள்ளங்கையை நக்கினாள். உரித்த கொட்டையை ஒரு பக்கமாக ஒதுக்கினாள். மனசு ஆறவில்லை.

"இருந்தாலுங்கய்யா, முருங்கைக்காய் போட்டிருந்தா அந்த வாசத்துக்கே..."

"அம்மிணீ!" வேப்பமரத்தடியிலிருந்து நாச்சாள் குரல். "ஒரு போசி இருந்தா எடுத்துட்டு வாங்க. சாயங்காலப் பால் கறக்கப் போற நேரமாச்சு!"