அரசன் தொடுத்த கோணல் சரம்

முன்னொரு காலத்தில், மழைக்கும் சிரிப்புக்கும் பஞ்சமில்லாத காலத்தில், வேய்மலை நாட்டைக் கண்டராயன் என்றோர் அரசன் ஆண்டான். நல்லவன்தான். ஆனால் காலையில் சொன்னதை மாலையில் மாற்றுவான், மாலையில் மாற்றியதற்கு மறுநாள் வருந்துவான். அவனுடைய அவையை நினைத்தால் எனக்கு இன்றும் ஏக்கமாக இருக்கிறது. அரசன் முகத்துக்கு நேரே மறுத்துப் பேசினாலும் அங்கே தலை கழுத்திலேயே இருக்கும்.

அரசனுக்கும் அரசி உமையாளுக்கும் வரிசையாக ஐந்து பெண் குழந்தைகள். ஐந்தாவது பிறந்ததும் சடங்கு அதிகாரி ஏகவீரர் அரசனின் காதைக் கடிக்கத் தொடங்கினார். ஏகவீரர் வெற்றிலையைக்கூட நுனி பார்த்து அடுக்குகிறவர். ஆணும் பெண்ணும் கலந்து பிறப்பதுதான் இயற்கை, ஐந்தும் பெண்ணென்றால் அரசியிடம் ஏதோ குறை இருக்கிறது என்று ஓதினார். தம் தங்கை மகளின் ஜாதகம் அரசனுக்குப் பொருந்தி வருவதையும் இடையிடையே செருகினார். கரைப்பார் கரைத்தால் கல்லும் கரையும், கண்டராயன் எம்மாத்திரம்? உமையாளைக் குழந்தைகளோடு தாய்வீட்டுக்கு அனுப்பிவிட்டான். தை பிறந்ததும் புதுத் திருமணம் என்று நாளும் குறித்தார்கள்.

அனுப்பிய பிறகுதான் அரண்மனை அவனுக்கு வெறிச்சென்று இருந்தது. உமையாளின் பல்லாங்குழிப் பலகையும் சோழிகளும் வைத்த இடத்திலேயே கிடந்தன. மணமான புதிதில் தோற்கும்போதெல்லாம் இவன் சோழிகளைக் கலைத்துவிட்டு ஓடுவான், அவள் சிரித்துக்கொண்டே துரத்துவாள். அதெல்லாம் நினைவுக்கு வந்து அவனுக்குச் சோறு இறங்கவில்லை. ஆனாலும் சொன்ன சொல்லை மாற்ற வாழ்நாளில் முதன்முறையாக வெட்கப்பட்டான். பாருங்கள், மாற்ற வேண்டிய சொல் அது ஒன்றுதான்!

அமைச்சர் நச்சினாருக்கு இது பொறுக்கவில்லை. ஒருநாள் அவையில் எழுந்து, ஆணா பெண்ணா என்பதும் ஒரு சோழியைத் தூக்கிப் போடுவது போலத்தானே என்று ஏகவீரரிடம் கேட்டார். ஆமாம், அதனால்தான் சொல்கிறேன், பழுதில்லாத சோழி நிமிர்ந்தும் கவிழ்ந்தும் கலந்து விழும், ஒரே பக்கமாக விழாது என்றார் அவர்.

"அப்படியானால் ஒரு பந்தயம்," என்றார் நச்சினார். "நிமிர்ந்தால் மல்லிகை, கவிழ்ந்தால் செவ்வரளி. சோழியைத் தொடாமல், அது எப்படி விழும் என்று மனத்தில் நினைத்தே நூறு பூவில் ஒரு சரம் தொடுங்கள். அரசர் வேறோர் அறையில் உண்மையாகவே சோழி போட்டு, விழுந்தபடி தொடுக்கட்டும். நான் யானைக் கொட்டடியில் காத்திருக்கிறேன். எது யாருடைய சரம் என்று சொல்லத் தவறினால் என் பதவியை ஏகவீரருக்கே கொடுத்துவிடுங்கள்."

பந்தயம் என்றால் கண்டராயனுக்குப் பாயசம். ஏகவீரருக்கோ அமைச்சர் பதவி கண்ணெதிரே ஆடியது. இருவரும் பூக்கூடையோடு உள்ளே போனார்கள். அரசன் தன் அறையில் உமையாளின் சோழி ஒன்றை எடுத்துப் போட்டான். பூத்தொடுக்கத் தெரியாமல் விரலெல்லாம் நார் சுற்றிக்கொண்டது.

இரண்டு சரங்களையும் அவையில் தொங்கவிட்டு நச்சினாரை அழைத்தார்கள். ஒரு சரம் பார்க்கவே அழகு. இரண்டு வெள்ளை, ஒரு சிவப்பு, ஒரு வெள்ளை, இரண்டு சிவப்பு என்று நிறங்கள் ஒன்றையொன்று விட்டுக்கொடுத்துப் போயின. மற்றது ஓரிடத்தில் வெள்ளையாய்க் குவிந்து, இன்னோரிடத்தில் சிவப்பாய்ப் பொங்கிக் கிடந்தது.

நச்சினார் கண் சிமிட்டுவதற்குள் சொல்லிவிட்டார். "அழகான சரம் ஏகவீரருடையது. கோணல் சரம்தான் சோழி போட்டது."

அரசன் இரண்டு சரங்களையும் மாறி மாறித் தொட்டுப் பார்த்தான். எப்படித் தெரிந்தது என்று கேட்டான்.

"விதைப்பைப் பாருங்கள், அரசே. ஒரே கை வீசிய விதை ஓரிடத்தில் கொத்தாக முளைக்கும், ஓரிடத்தில் சொட்டை விழும். மழை வரப்புக்கு இந்தப் பக்கம் கொட்டும், அந்தப் பக்கம் தூறாது. தானாக நடப்பது சீராக நடக்காது. அளந்து கலந்திருந்தால் அங்கே ஒரு மனிதரின் கை இருக்கும். ஏகவீரரின் சரத்தில் நான்கு மல்லிகை சேர்ந்து வரவே இல்லை, அவருக்கு மனம் பொறுக்கவில்லை. உங்கள் சரத்தில் ஏழு மல்லிகை வரிசையாக நிற்கின்றன. அந்த நேரத்தில் என்ன செய்தீர்கள்?"

"சோழியில் ஏதோ கோளாறு என்று எடுத்துப் புரட்டிப் பார்த்தேன். ஒரு கோளாறும் இல்லை."

"ஏழு முறை ஒரே பக்கமாக விழுந்தும் அந்தச் சோழியை நீங்கள் தாய்வீட்டுக்கு அனுப்பவில்லையே," என்றார் நச்சினார்.

அவை சிரிக்கவில்லை. அரசன் கண் கலங்கியதை எல்லோரும் பார்த்தார்கள். அவன் தன் கழுத்து முத்துமாலையைக் கழற்றி நச்சினாருக்கு அணிவித்தான். ஏகவீரரிடம், உமக்குப் பூத்தொடுப்பது நன்றாக வருகிறது, என் ஐந்து பெண்களின் திருமணத்துக்கும் மாலை தொடுப்பது உம் பொறுப்பு, அதுவரை வேறு வேலை வேண்டாம் என்று சொல்லிவிட்டான். கடைசிப் பெண் அப்போது தொட்டிலில் இருந்தாள்.

பல்லக்கு அனுப்பலாமா என்று கேட்டார்கள். வேண்டாமென்று தானே குதிரையேறிப் போனான் கண்டராயன். உமையாள் முற்றத்தில் மகள் ஒருத்திக்குத் தலை பின்னிக்கொண்டிருந்தாள். நடந்ததையெல்லாம் அவன் சொல்லி முடிக்கும்வரை நிமிர்ந்து பார்க்கவில்லை.

"ஆறாவதும் பெண்ணாகப் பிறந்தால்?" என்று கேட்டாள்.

"பிறக்கட்டும். முன்னால் எப்படி விழுந்தோம் என்பது சோழிக்கு நினைவிருக்காதாம்."

"உங்களுக்கு?"

"எனக்கு எல்லாம் நினைவிருக்கிறது, உமையாள். நீ சிரித்தது, நான் ஓடியது, உன்னை அனுப்பியது. அதனால்தான் நானே வந்தேன்."

அவள் பின்னலை முடித்து நாடா கட்டினாள். பிறகு தொட்டிலைக் காட்டினாள்.

"சின்னவளை நீங்கள் தூக்கிக்கொள்ளுங்கள். கழுத்து இன்னும் நிற்கவில்லை, கையைக் கீழே கொடுத்துப் பிடியுங்கள்."