கட்சிக்காரர் நாற்காலி

“இந்த விதி அநியாயம் சார்,” என்றாள் இசக்கிராணி.

சீனியர் வக்கீல் சங்கரநயினார் கண்ணாடியைக் கழற்றினார். அவரிடம் தொழில் கற்ற நான்கு பேர் இன்றைக்கு நீதிபதிகள். அதனால் அந்த ஊர்க் கோர்ட்டில் அவருக்குக் குருநாதர் என்றே பெயர். அந்தப் பெயர் அவருக்கும் பிடிக்கும்.

“எந்த விதிம்மா?”

“முன்சீப் பரீட்சை எழுத மூணு வருஷம் வக்கீல் தொழில் பண்ணியிருக்கணுமாம்.”

“நியாயந்தானே? கோர்ட்டு வாசப்படியே மிதிக்காதவன் தீர்ப்பு எழுதினா வெளங்குமா?”

“அதைக் குத்தம் சொல்லலை சார். அந்த மூணு வருஷமும் வழக்குல நம்ம பேர் ஏறியிருக்கணுமாம். வக்காலத்துல பேர் இல்லாட்டி, தொழிலே பண்ணலைன்னு அர்த்தமாம்.”

அவள் நின்றுகொண்டுதான் பேசினாள். அந்த ஆபீஸில் ஜூனியர்கள் உட்காருவதில்லை. சீனியருக்கு எதிரே கிடக்கும் நாற்காலிகள் வழக்குக் கொண்டு வரும் கட்சிக்காரர்களுக்கு. ஆறு வருடமாக அவள் நின்றுகொண்டுதான் இருக்கிறாள்.

இன்னொரு வழக்கமும் அங்கே உண்டு. வழக்கை நடத்தும் வக்கீல் யார் என்று கோர்ட்டில் கொடுக்கும் வக்காலத்தில், ஜூனியர் தேறிய பிறகுதான் பேர் ஏறும். தேறியாயிற்றா இல்லையா என்பதைச் சீனியர்தான் சொல்ல வேண்டும். அவர் இன்னும் சொல்லவில்லை.

சங்கரநயினாருக்குக் கோபம் வந்தது. நிஜமான கோபம்தான், நடிப்பில்லை.

“இது ஏழைப் பிள்ளைகளைக் கழிச்சுக் கட்டுற வேலை! அப்பனோ மாமனோ வக்கீலா இருந்தா பேர் ஏறும். மத்த பிள்ளைக எங்க போகும்? சாமி வரம் குடுத்தாலும் பூசாரி குடுக்க மாட்டான்ங்கிற கதையால்லா இருக்கு!”

இசக்கிராணி அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“விடக் கூடாது,” என்று மேசையைத் தட்டினார். “ஹைகோர்ட்டுக்குப் போவோம். நானே ஆஜராகுதேன். பீஸ் ஒரு பைசா வேண்டாம். நீ மனுவை எழுது.”

“வக்காலத்து யார் பேருல சார்?”

“என் பேரும் சுதன் பேரும். எப்பவும் போலத்தான்.”

சுதன் அவர் மகன். வக்கீலாகப் பதிவு செய்த மாதமே எல்லா வக்காலத்திலும் அவன் பேர் ஏறிவிட்டது. வக்கீல் சங்கத் தேர்தல் அன்றைக்குத் தவறாமல் கோர்ட்டுக்கு வருவான். அவனும் இந்த வருடம் பரீட்சை எழுதுகிறான். விதிப்படி அவனுக்கு ஒரு குறையும் இல்லை.

“மாரிக்கனி ஜீவனாம்ச வழக்கு ஞாபகம் இருக்கா சார்?”

“நாம ஜெயிச்சோமே!”

“அன்னைக்கு நீங்க மதுரையில. சுதன் ஏதோ கல்யாண வீட்டுல. வருமானமே இல்லைன்னு சாதிச்ச அவ புருஷனைக் கூண்டுல வச்சுக் கேள்வி கேட்டு, கடை தன்னோடதுதான்னு ஒத்துக்க வச்சது நான். தீர்ப்புல யார் பேர் இருக்கு?”

“ஆபீஸ் வழக்கம்மா அது. என் சீனியர்கிட்ட நானும் பேரில்லாமத்தான் கெடந்தேன். குருகிட்ட கணக்குக் கேக்கலாமா?”

“உங்க காலத்துல இந்த விதி இல்லையே சார்.”

அவர் கண்ணாடியைத் துடைத்து மாட்டிக்கொண்டார். பிறகு பெரிய மனது பண்ணினார்.

“சரி, இனிமே உன் பேரையும் போடச் சொல்லுதேன்.”

“இனிமே மூணு வருஷம் போட்டா வயசு வரம்பு தாண்டிரும். எனக்கு இந்த வருஷந்தான் கடைசி.”

“அதுக்குத்தானே ஹைகோர்ட்டுக்குப் போவோம்ங்கேன்! மெட்ராஸ்ல மின்விசிறிக்குக் கீழ உக்காந்து விதி எழுதுறானே, அவனுக்கு உன் கஷ்டம் தெரியுமா?”

அவர் தலைக்கு மேலும் ஒரு மின்விசிறி ஓடிக்கொண்டுதான் இருந்தது. ஊருக்குத்தான் உபதேசம் என்று சும்மாவா சொன்னார்கள்! அந்த விதியைக்கூடப் பொறுத்துக்கொள்ளலாம். இந்தப் பேச்சைக் கேட்டால்தான் வயிறு எரிகிறது.

இசக்கிராணி கழுத்தில் கட்டியிருந்த வக்கீல் வெள்ளைப் பட்டையை அவிழ்த்தாள். மடித்துப் பைக்குள் வைத்தாள்.

பிறகு அவருக்கு எதிரே இருந்த நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள்.

“என்னம்மா, உக்காந்துட்ட?”

“கட்சிக்காரங்க உக்காரலாம்லா சார்?”

சங்கரநயினார் சிரித்துவிட்டார்.

“அது சரி. இந்த வழக்குல நீதானே மனுதாரர்! உக்காரு, உக்காரு.”

அவரே ஒரு தாளை எடுத்தார். ஆறு வருடத்தில் முதல் தடவையாக அவள் சொல்ல அவர் எழுதப் போகிறார்.

“எதிர்மனுதாரர் ஒண்ணு, விதி போட்ட அரசாங்கம். ரெண்டு, பரீட்சை நடத்துறவங்க. அவ்வளவுதானே?”

“மூணாவது ஒருத்தர் இருக்கார் சார்.”

“யாரும்மா?”

“சங்கரநயினார், வக்கீல்.”

பேனா நின்றது.

“எழுதுங்க சார்,” என்றாள் இசக்கிராணி. “ஒரே ஒரு வழக்குலயாவது நம்ம ரெண்டு பேர் பேரும் சேர்ந்து வரட்டும்.”