எதிர்க்காற்றுக்கு மட்டும் மதலேன்

பிரான்சு தேசத்தில் ஒரு பெரிய ஏரி. குளிர்காலம் முடிந்ததும் தெற்கேயிருந்து பனிமலையைத் தாண்டி நாற்பது காட்டு வாத்துகள் அங்கே முட்டையிட வரும். யாருடைய கால் முதலில் ஏரித் தண்ணீரில் படுகிறதோ, அந்த வாத்துதான் அடுத்த வசந்தம் வரை கூட்டத்துக்குத் தலைமை. கரைக் கல்லின் மேல் உட்கார்ந்து ஆமை அதைப் பார்த்துச் சொல்லும். ஆமை சொன்னால் சொன்னதுதான்.

காற்றைப் பிளந்து கூட்டத்தைக் கொண்டுவந்து சேர்ப்பவர்தானே முதலில் இறங்குவார் என்று நினைத்து, முன்னாளைய வாத்துகள் இந்த வழக்கத்தை வைத்துவிட்டுப் போயின. பாவம், அவை கஸ்தோனைப் பார்த்ததில்லை.

கஸ்தோன் தடித்த கழுத்துள்ள ஆண் வாத்து. மூன்று வருடமாக அவன்தான் தலைவன். மூன்று வருடமும் பனிமலைக் கணவாயில் முன்னால் பறந்தவள் மதலேன்.

அந்தக் கணவாயில் வடக்கேயிருந்து காற்று முகத்தில் அறையும். முன்னால் போகும் வாத்து அதைப் பிளந்துகொண்டு போனால்தான் பின்னால் வருபவர்களுக்கு இறக்கை லேசாகும். முதல் வருடம் கஸ்தோன் பக்கத்தில் வந்து குழைந்தான்.

"மதலேன் அம்மா, இந்தக் காத்துக்கு உங்களை விட்டா வேற யாரு இருக்கா?"

அவளும் நம்பினாள். கணவாய் முடிந்து, காற்று தணிந்து, வெயில் வந்து, ஏரிக்கு முந்திய கடைசிக் குன்று தெரிந்ததும் அவன் மறுபடி வந்தான். களைத்துப் போயிருப்பீர்கள், பின்னால் போய் ஓய்வெடுங்கள் என்றான். எவ்வளவு கரிசனம் என்று அவள் பின்னால் போனாள். அவன் சொகுசாக முன்னால் போய் இறங்கித் தலைவனானான்.

இரண்டாம் வருடமும் அதே காற்று, அதே கரிசனம். இந்தத் தடவை அவளுக்குத் துணைத் தலைவி என்று ஒரு பட்டம் கொடுத்தார்கள். துணைத் தலைவிக்கு என்ன வேலை என்று கேட்டாள். யாருக்கும் தெரியவில்லை. மூன்றாம் வருடம் 'கூட்டத்தின் தாய்' ஆனாள். கூடவே நாணல் பராமரிப்புக் குழுவும் அவள் தலையில் விழுந்தது.

பட்டம் இருந்துவிட்டுப் போகட்டும். அவளை அரித்தது வேறு. ஏரி நடுவே ஒரு மண் திட்டு உண்டு. அங்கே கூடு கட்டினால் நரி வராது. யார் திட்டில், யார் கரையில் என்று தலைவன்தான் சொல்வான். திட்டு முழுவதும் கஸ்தோனின் சொந்தக்காரர்களுக்கே போனது. மதலேனின் தங்கை லூசிக்குக் கிடைத்தது நரி நடமாடும் மேற்குக் கரை. போன வசந்தத்தில் ஆறு முட்டைகளும் ஒரே காலையில் போயின.

அதைப் பற்றி மதலேன் சபையில் பேசினாள். மூச்சுவிடாமல் பேசினாள். முடித்ததும் ஆண் வாத்துகள் தலையாட்டின. வெயிலில் அவள் கழுத்து இறகு என்னமாய் மின்னியது என்றது ஒன்று. குரல்தான் கொஞ்சம் கீச்சென்று இருக்கிறது என்றது இன்னொன்று. நரியைப் பற்றி ஒருவரும் வாய் திறக்கவில்லை.

நாலாம் வருடம் புறப்படுவதற்கு முன்பு அவள் நேராகவே கேட்டுவிட்டாள்.

"கணவாயில முன்னால போறவங்கதான் ஏரியிலயும் முன்னால இறங்கணும். சரியா, இல்லையா?"

கஸ்தோன் நெடுநேரம் யோசிப்பது போல இருந்தான். அருமையான யோசனை, ஆனால் அவசரப்படக் கூடாது, இதை ஆராய ஒரு குழு போடலாம் என்றான். "அந்தக் குழுவுக்கும் நீங்களேதான் தலைவி. ஏரியில இறங்கினப்புறம் அறிக்கை கொடுங்க, போதும்."

எல்லோரும் இறக்கை தட்டினார்கள். மதலேன் கண்ணை மூடித் திறந்தாள். இவர்களை வைத்துக்கொண்டு என்னதான் செய்வது?

"நீ ஏன்க்கா இன்னும் முன்னால போற? விட்டுத் தொலையேன்" என்றாள் லூசி.

"நான் விட்டா கணவாயில பாதிப் பேர் விழுந்துருவாங்கடி. நீயும்தான்."

அந்த வருடக் காற்று மூன்று வருடக் காற்றையும் சேர்த்துக் கட்டியதுபோல வந்தது. மதலேனின் இடது இறக்கையில் ஒரு இறகு முறிந்தது. ஒருவரையும் விழவிடாமல் கணவாயைத் தாண்டினாள். தாண்டியதும் காற்று திடீரென்று திசை மாறியது. இப்போது தெற்கேயிருந்து, வாலுக்குப் பின்னால் நின்று தள்ளியது. இறக்கையை விரித்துப் பிடித்தாலே போதும், தானாகப் போகலாம்.

கஸ்தோனுக்குக் குன்று தெரியும்வரை பொறுமை இல்லை. "ஓய்வெடுங்க, ஓய்வெடுங்க" என்று சொல்லிக்கொண்டே முன்னால் பாய்ந்தான். மதலேன் கடைசி இடத்துக்குப் போனாள். லூசியும் கூடவே போனாள்.

ஏரி வந்தது.

வாத்து தண்ணீரில் இறங்க வேண்டுமென்றால் காற்று எதிரே இருக்க வேண்டும். எதிர்க்காற்றுதான் பறவையைப் பிடித்து நிறுத்தும். மூன்று வருடமும் ஏரியில் வீசியது வடகாற்று. வடக்கே பார்த்து வந்த கஸ்தோன் அப்படியே காலை நீட்டி உட்கார்ந்துவிட்டான். நிறுத்தியது காற்று என்பது அவனுக்குத் தெரியவே தெரியாது. தன் சாமர்த்தியம் என்றே நினைத்திருந்தான்.

இந்தத் தடவையும் காலை நீட்டினான். பின்காற்று அவனைத் தூக்கித் தள்ளியது. தண்ணீருக்கு ஒரு சாண் மேலே, இறக்கையைப் படபடவென்று அடித்துக்கொண்டு, ஏரியை இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை கடந்தான். நாணலையும் கடந்தான். அவனை நம்பிப் பின்னால் போனவர்களும் கடந்தார்கள்.

காற்றோடு மல்லுக்கட்டியே பழகிய மதலேனுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை. ஏரியின் மேலே வந்ததும், "லூசி, திரும்பு" என்றாள். வட்டமடித்துத் தெற்கே முகம் திருப்பினாள். காற்று நெஞ்சில் வந்து முட்டியது. அவ்வளவு காலமும் அவளை வதைத்த அதே எதிர்க்காற்று, இப்போது இலையை இறக்குவது போல அவளை மெல்லத் தண்ணீரில் இறக்கியது.

"மதலேன்" என்றது கல்மேல் இருந்த ஆமை.

மற்றவர்கள் ஒவ்வொருவராகத் திரும்பி வந்து இறங்கினார்கள். கஸ்தோன் மட்டும் நடந்து வந்தான். அவன் போய் விழுந்தது முள்ளங்கித் தோட்டம். தலையில் ஒரு இலை ஒட்டியிருந்தது.

"ஏரிக்கு மேல முதல்ல வந்தவன் நான்" என்றான்.

"மேகமும்தான் வந்துச்சு. கால் வச்சது யாரு?" என்றது ஆமை.

கஸ்தோன் உடனே குரலைத் தாழ்த்தினான். இது சிக்கலான விஷயம், அவசரப்படாமல் குழுவின் அறிக்கை வரட்டும் என்றான்.

"அறிக்கை தயார்" என்றாள் மதலேன். "குழுத் தலைவி நான்தான், மறந்துட்டீங்களா?"

அப்போதும் ஒரு ஆண் வாத்து, தலைமைப் பொறுப்பும் பார்த்துக்கொண்டு முட்டையையும் எப்படி அடைகாப்பீர்கள் என்று மிகுந்த கவலையோடு கேட்டது. மூன்று வருடமாக அதை ஒருவரும் கஸ்தோனிடம் கேட்டதில்லை. மதலேன் பெருமூச்சு விட்டாள். வேலை நிறைய இருந்தது.

முதல் வேலையாக, போன வருடம் முட்டையைப் பறிகொடுத்தவர்களுக்கெல்லாம் திட்டில் இடம் கொடுத்தாள். மேற்குக் கரையில் காவல் நிற்க ஆண் வாத்துகளுக்கு முறை வைத்தாள். அந்த வசந்தத்தில் லூசியின் ஐந்து குஞ்சுகள் ஏரியில் நீந்தின. தெற்கே திரும்பிப் போகும் நாள் வந்தபோது கணவாயில் முன்னால் பறக்கும் முறையும் எல்லோருக்கும் வந்தது. அன்று காற்று தெற்கேயிருந்து முகத்தில் அறைந்தது. முதல் முறை கஸ்தோனுக்கு.

கஷ்டத்தையெல்லாம் இன்னொருவர் முதுகில் ஏற்றிவிட்டுப் பலனை மட்டும் பறித்துக்கொள்பவன், அந்தக் கஷ்டம் கற்றுத்தரும் வித்தையையும் சேர்த்தே அவருக்குக் கொடுத்துவிடுகிறான்.