அரசன் தண்ணீர் ஊற்றிய பனங்கொட்டைகள்

கதை கேட்க வந்தவர்களே, கொஞ்சம் நெருங்கி உட்காருங்கள். மனிதர்களைவிடப் பனைமரங்கள் அதிகமாக இருந்த காலம் அது. செம்மண் பூமியான தேரிநாட்டைக் கொற்றவேலன் என்றொரு அரசன் ஆண்டு வந்தான்.

நல்லவன்தான். பஞ்சம் வந்தால் களஞ்சியத்தைத் திறந்துவிடுவான். பகைவன் வந்தால் முன்னால் போய் நிற்பான். ஏழை வந்தால் எழுந்து கும்பிடுவான். ஆனால் கோபம் வந்துவிட்டால் அவன் அவனாக இருக்க மாட்டான். மற்றவர்களுக்கெல்லாம் கோபம் மூக்குக்கு மேலே என்றால், இவனுக்குக் கிரீடத்துக்கும் மேலே.

ஒரு நாள் மதியம் குழம்பில் உப்பு கூடிவிட்டது. அவ்வளவுதான். அரசன் வெள்ளித்தட்டை எட்டி உதைத்தான். தட்டு பறந்துபோய், பக்கத்தில் சாப்பிட்டுக்கொண்டிருந்த அவன் மகள் தத்தையின் தலைக்கு மேலே சுவரில் மோதி விழுந்தது. நான்கு வயதுக் குழந்தை. அடி படவில்லை. அவள் அழவும் இல்லை. கையில் எடுத்த சோற்றை வாயில் வைக்காமல் அப்பாவையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

அன்றிலிருந்து அப்பாவின் செருப்புச் சத்தம் கேட்டாலே தத்தை தூணுக்குப் பின்னால் போய்விடுவாள்.

கொற்றவேலனுக்கு ஒரே பிள்ளை அவள். அவள் ஒளிவதைப் பார்க்கும்போதெல்லாம், அவளை எப்படியாவது வெளியே வரவைக்கப் பார்ப்பான். ஒரு பொன்னூஞ்சல் செய்து கொடுத்தான். அவன் வருவது தெரிந்தால் ஊஞ்சல் மட்டும் தனியாக ஆடிக்கொண்டிருக்கும். ஒரு மான்குட்டி வாங்கிக் கொடுத்தான். அதுவும் அவளோடு சேர்ந்து தூணுக்குப் பின்னால் போனது. பேசும் கிளி ஒன்றைக் கொடுத்தான். அந்தக் கிளி ஒரே வாரத்தில் "அப்பா வர்றாரு, ஓடு! அப்பா வர்றாரு, ஓடு!" என்று கத்தக் கற்றுக்கொண்டது. அரண்மனையில் யாரும் சிரிக்கவில்லை.

அரசன் கோபத்தை விட்டுவிடுவதாகக் குலதெய்வத்தின் முன்னால் சத்தியம் செய்தான். செய்துவிட்டு நேராக மகளிடம் போனான்.

"தத்தை, அப்பா இனிமே கோபப்பட மாட்டேன். இப்ப பயம் போயிருச்சா?"

குழந்தை தலையைக் குனிந்துகொண்டது. மறுநாளும் கேட்டான். அதற்கு மறுநாளும் கேட்டான். அவன் கேட்கக் கேட்க அவள் தலை இன்னும் குனிந்தது.

தேரிநாட்டில் ஒரு வழக்கம் உண்டு. பிள்ளைக்கு ஐந்து வயது பிறந்ததும், ஒரே பனம்பழத்திலிருந்து எடுத்த மூன்று கொட்டைகளைக் குளக்கரையில் புதைக்க வேண்டும். குழியைத் தகப்பன் தோண்டுவான். கொட்டையைப் பிள்ளை போடும். தண்ணீரைத் தகப்பனே தன் தோளில் சுமந்து ஊற்ற வேண்டும், ஆள் வைத்து ஊற்றக் கூடாது. அரசனானாலும் அதே சட்டம்தான்.

ஆவணி மாதத்தில் தத்தைக்கு ஐந்து வயது ஆனது. அரசன் மூன்று குழி தோண்டினான். தத்தை அம்மாவின் சேலையை ஒரு கையால் பிடித்துக்கொண்டு, மறு கையால் கொட்டைகளைப் போட்டாள். போட்டதும் ஓடிவிட்டாள்.

அரசன் தினமும் குடம் சுமந்தான். மண் நனைந்தது, காய்ந்தது, மறுபடி நனைந்தது. மேலே ஒரு பச்சையும் இல்லை. ஒரு மாதம் போல ஆனதும் அவனுக்குப் பொறுக்கவில்லை. கொட்டை சொத்தையாக இருக்குமோ? ஒரு காலையில் மண்வெட்டியை எடுத்து முதல் குழியைத் தோண்டிப் பார்த்தான்.

உள்ளே கொட்டையிலிருந்து வெள்ளை வெளேரென்று ஒரு முளை கிளம்பி, விரல் போல நேராகக் கீழே போயிருந்தது. மண்வெட்டி பட்டு நடுவில் ஒடிந்து கிடந்தது.

பின்னாலேயே வந்த அரசி வேண்மாள் அதைப் பார்த்துத் தலையில் அடித்துக்கொண்டாள். அவள் பனங்காட்டில் பிறந்து வளர்ந்தவள்.

"பனை மொதல்ல கீழதானங்க போகும்? மேல வர மாசக்கணக்காகுமே. இதுகூடவா தெரியாது?"

"எனக்குப் போட்டப்ப எங்கப்பாதான் தண்ணி ஊத்துனாரு. நான் மரத்தத்தான் பாத்தேன்" என்றான் அரசன்.

அவன் ஒடிந்த முளையைக் கையில் வைத்துக்கொண்டு வெகுநேரம் கரையிலேயே உட்கார்ந்திருந்தான். பயம் போயிற்றா, பயம் போயிற்றா என்று தினமும் குழந்தையைக் கேட்டேனே, அதுவும் இந்த மண்வெட்டி வேலைதானே என்று அவனுக்குப் பட்டது. அரசன் அழுதான். பக்கத்தில் வேண்மாளைத் தவிர யாரும் இல்லாததால் நன்றாகவே அழுதான்.

அதன் பிறகு அவன் தத்தையிடம் அந்தக் கேள்வியைக் கேட்கவே இல்லை. சத்தியமும் செய்யவில்லை. கோபம் தலைக்கேறும்போதெல்லாம் குடத்தை எடுத்துக்கொண்டு குளத்துக்குக் கிளம்பிவிடுவான். முதல் மாதம் அந்தக் கரைக்குக் கிடைத்த தண்ணீரில் நெல்லே பயிரிட்டிருக்கலாம்! மந்திரி பாதி பேசிக்கொண்டிருக்கும்போதே எழுந்து போய்விடுவான். போகப்போக அந்த நடை குறைந்தது.

ஐப்பசி மழையில் ஒரு நாள் எருமை ஒன்று கரையில் ஏறிப் புரண்டு, இரண்டாவது குழியைச் சேறாக்கிவிட்டது. முளை நசுங்கிப் போயிற்று. எருமைக்காரன் அரசனைப் பார்த்ததும் துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு கும்பிட்டு நின்றான். அம்மாவோடு வந்திருந்த தத்தை சட்டென்று ஒரு மரத்துக்குப் பின்னால் போனாள்.

அரசன் வாயைத் திறந்தான். பிறகு மூடிக்கொண்டான். குடத்துத் தண்ணீரைத் தன் தலையிலேயே கவிழ்த்துக்கொண்டு சேற்றில் உட்கார்ந்தான்.

"எருமைக்கு என்னப்பா பேரு?" என்றான்.

"மகாராசா... செவலைங்க."

"கறுப்பா இருக்கே?"

"பொறக்கும்போது செவலையா இருந்துச்சுங்க."

அரசனுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. மரத்துக்குப் பின்னாலிருந்து ஒரு கண் மட்டும் எட்டிப் பார்த்தது. அவன் அந்தப் பக்கம் திரும்பவில்லை.

தை பிறந்தது. மூன்றாவது குழியில் வேல் நுனி போல ஒரு குருத்து மண்ணைக் கீறிக்கொண்டு வெளியே வந்தது. அரசன் சின்னப்பிள்ளை மாதிரி துள்ளினான். போகிற வருகிறவர்களையெல்லாம் கூப்பிட்டுக் காட்டினான். படைத்தலைவனைக்கூட மண்டியிட்டுப் பார்க்க வைத்தான். மூன்றில் மிஞ்சியது இந்த ஒன்றுதானே!

சில நாள் கழித்து அரசவை நிறைந்திருந்தது. அரசன் ஒரு வழக்கை விசாரித்துக்கொண்டிருந்தபோது வாசலில் சலசலப்பு. தத்தை வந்துகொண்டிருந்தாள். பாவாடையெல்லாம் சேறு. இரு பக்கமும் பெரிய பெரிய தூண்கள் இருந்தன. அவள் ஒன்றின் பின்னாலும் போகவில்லை. நடுவழியிலேயே நடந்து வந்து சிம்மாசனத்துக்கு முன்னால் நின்றாள். அவள் கையில் குருத்தோடு ஒடிந்த பனங்கிழங்கு இருந்தது.

"அப்பா, நான்தான். உள்ள எப்படி இருக்குன்னு பாக்கத் தோண்டுனேன். ஒடஞ்சிருச்சு."

கொற்றவேலனின் காது இரண்டும் சூடேறின. அத்தனை குடம், அத்தனை நடை, கடைசிக் கொட்டை! பழைய கோபம் அடிவயிற்றிலிருந்து புறப்பட்டுத் தொண்டை வரை வந்துவிட்டது. கையருகே குடமும் இல்லை.

அவன் குழந்தையைப் பார்த்தான். அவள் உதடு நடுங்கியது, ஆனால் கண் அவனை விட்டு அகலவில்லை. தப்பு செய்துவிட்டு, யாரும் இழுத்து வராமல், தானாகவே தன்னிடம் வந்து நிற்கிறாள் என்பது அப்போதுதான் அவனுக்கு உறைத்தது. அவன் படியிறங்கி வந்து அவள் முன்னால் தரையில் உட்கார்ந்தான்.

"மொதல் கொட்டைய அப்பாவும் இப்படித்தாம்மா தோண்டி ஒடிச்சேன்."

"நீங்களுமா?"

"ஆமா. ஒடிச்சுட்டு அழுதேன்."

தத்தை கொஞ்சம் யோசித்தாள். "நீங்க திட்டுவீங்கன்னு மொதல்ல நெனச்சேன்ப்பா. அப்புறம் திட்ட மாட்டீங்கன்னு நெனச்சேன். அதான் வந்தேன்."

அரசன் அவளை வாரி மடியில் வைத்துக்கொண்டான். வழக்கு நாளைக்கு என்று கையைக் காட்டினான். தணல் கொண்டுவரச் சொல்லி, அந்தக் கிழங்கை அங்கேயே சுட்டு, தோலை உரித்து, நாரைக் கிழித்து எடுத்து மகளுக்கு ஊட்டினான். அவள் பாதியைத் தின்றுவிட்டு மீதியை அவன் வாயில் வைத்தாள். அவன் நெஞ்சில் சாய்ந்தபடியே அவள் தூங்கிப்போனாள். கால் மரத்துப்போயும் அரசன் அசையவில்லை.

குளக்கரையில் பனை முளைக்கவில்லையே என்று நீங்கள் கேட்கலாம். அதற்கென்ன, அடுத்த ஆவணியில் அப்பாவும் மகளுமாகப் போய் வேறு கொட்டைகளைப் புதைத்தார்கள்.

கேட்டவர்களே, கேட்டதை மனதில் வையுங்கள்: தன் குணத்தை மாற்றிக்கொள்ள நினைப்பவர், மாறிவிட்டதா என்று தினமும் தோண்டிப் பார்க்காமல், பொறுமையாகத் தண்ணீர் மட்டும் ஊற்றிவர வேண்டும்.