முதல் வரி

மலையடிவாரத்து மடத்தில் குழந்தைவேலுவுக்கு அஷ்டாவதானி என்று பெயர். சமையற்கட்டு வைத்த பெயர் அது. பணி ஓய்வு பெற்று, மனைவியும் போன பிறகு வந்து சேர்ந்தவர். மடத்தின் கணினி அவர் பொறுப்பு.

அதில் ஒரு வித்தை செய்து வைத்திருந்தார். காலையில் ஒரே ஒரு கோப்பைச் சொடுக்கினால் போதும். மின்னஞ்சல், அழைப்பிதழ் வடிவமைப்பு, குருவின் உரைகளை வெட்டித் திருத்தும் செயலி, பின்னணிக்குத் தம்பூரா எல்லாம், அதில் அவர் வரிக்கு ஒன்றாக எழுதிவைத்த வரிசையில், தாமாகவே ஒன்றன்பின் ஒன்றாகத் திறந்துகொள்ளும். வீடியோ அழைப்புக்கான செயலியும் அதில் உண்டு. டப்ளினில் இருக்கும் மகன் இளவழகன் ஞாயிறுதோறும் அதில்தான் கூப்பிடுவான். சித்திரைக்குப் பிறகு கூப்பிடவில்லை. இப்போது ஆவணி.

அன்றும் ஞாயிறு.

"அஷ்டாவதானி, சோறு ஆறுது!" சமையல்காரர் பரமன் வாசலில் நின்று கத்தினார். "அதையும் அந்தப் பொட்டியில ஒரு ஓரமாத் திறந்து வைக்கிறதுதானே?"

குழந்தைவேலு சிரித்தார். எழுந்திருக்கவில்லை. அவன் கூப்பிடும் நேரம் அது.

சற்று நேரத்தில் மடத்தின் குரு தவமணி அம்மா உள்ளே வந்தார். குழந்தைவேலுவைவிடப் பத்து வயதாவது இளையவர். ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு அவர் பக்கத்தில் உட்கார்ந்தார்.

"சாப்பிடலையாமே, ஐயா?"

"பசியில்லம்மா." பிறகு, பல நாளாக வைத்திருந்ததைக் கேட்டார். "இந்தப் பொட்டிக்கு எல்லாத்தையும் ஒரே சொடுக்குல திறக்கக் கத்துக்குடுத்துட்டேன். மனசுக்கு அப்படி ஒரு வழி இருக்காம்மா? தியானத்துல உக்காந்தா ஒண்ணுகூடத் திறக்க மாட்டேங்குது. மகன் ஞாபகம்தான் வருது. அதுவும் பாதிப் பாதியா."

"எப்படித் திறக்கும்னு காட்டுங்க. நான் பாத்ததே இல்லை."

எல்லாவற்றையும் மூடிவிட்டு, அந்தக் கோப்பைச் சொடுக்கினார். திரையில் ஒன்றின்மேல் ஒன்றாக வந்து விழுந்தன. தம்பூரா ஒலிக்கத் தொடங்கியது.

"மகன் எங்கே?"

"இருக்கான்மா. முதல் வரியே அவனுக்குத்தான். அவனைத் திறந்த பிறகுதான் மத்ததெல்லாம்."

"தெரியலையே."

"மத்ததெல்லாம் மேல வந்து உக்காந்துடும்ல. அவன் அடியில..." குழந்தைவேலு நிறுத்திக்கொண்டார்.

"எடுத்துக் காட்டுங்க."

ஒவ்வொன்றாக மூடினார். அழைப்பிதழ், சேமிக்கவா என்று கேட்டது. சேமித்தார். உரை கேட்டது. அதையும் சேமித்தார். கடைசியாகத் திரையில் அழைப்புச் செயலி மட்டும் நின்றது. அதில் மகனின் சிறிய படம். அதன் கீழே, சித்திரையில் ஒரு ஞாயிறு, அரைமணி நேரப் பேச்சு.

"அரைமணி நேரம் பேசியிருக்காரே. என்ன சொன்னார்?"

குழந்தைவேலு யோசித்தார். அன்றைக்குச் செய்ததெல்லாம் நினைவிருந்தது. அழைப்பிதழில் தாமரையை இடப்பக்கம் கொஞ்சம் நகர்த்தினார். அம்மாவின் உரையில் ஒரு இருமலை வெட்டினார். மகன் பேசிக்கொண்டிருந்தான். இடையிடையே 'ம்' போட்டார். ஓரிடத்தில் அவன் நிறுத்தினான்.

'அப்பா, இருக்கீங்களா?'

'இருக்கேன்பா, சொல்லு.'

'ஒண்ணுமில்லப்பா. நீங்க வேலையைப் பாருங்க.'

வெட்டிய இருமல்கூட இந்தக் கணினியில் எங்கோ பத்திரமாக இருக்கிறது. அந்த அரைமணி நேரம் எங்கும் இல்லை. எத்தனையோ விடியலில் கண்ணை மூடித் தேடிப் பார்த்துவிட்டார். குரல் வரும். சொல் வராது.

"தெரியலைம்மா," என்றார். "ஏதோ பெரிசாச் சொல்ல வந்தான். குரல் அப்படி இருந்துச்சு. நான்தான் தாமரையை நகர்த்திக்கிட்டு இருந்தேன்."

தம்பூரா மட்டும் ஒலித்துக்கொண்டிருந்தது.

"அது இன்னும் மூடலையே," என்றார் அம்மா.

குழந்தைவேலு தம்பூராவையும் நிறுத்தினார். அறை திடீரென்று பெரிதானது போலிருந்தது. முற்றத்தில் பரமன் பாத்திரம் கழுவும் சத்தம் கேட்டது.

"இப்ப அவர்கிட்டயே கேக்கலாமே, ஐயா. அன்னிக்கு என்ன சொன்னாருன்னு."

"எப்படிம்மா கேக்கறது? கேட்டா, அன்னிக்கு நான் காது குடுக்கலைங்கறது அவனுக்குத் தெரிஞ்சுபோயிடுமே."

தவமணி அம்மா எழுந்தார். நாற்காலியைப் பழைய இடத்தில் சத்தமில்லாமல் வைத்தார்.

"அது அவருக்கு அன்னிக்கே தெரியும், ஐயா."