சேந்தன் இன்னும் கேட்கிறான்

“சிரிக்கிறது எப்படி ஐயா?”

மரகதம் இப்படிக் கேட்டதும் மடத்துக் கூடத்தில் இருந்த சீடர்கள் தலை நிமிர்ந்தார்கள். ஒருவன் வாயைப் பொத்திக்கொண்டான்.

குரு அந்துவன் சிரிக்கவில்லை. அவள் புடவைக் கொசுவத்தில் அப்பியிருந்த மலைச்சேற்றைப் பார்த்தார்.

“இதைக் கேக்கவா இவ்வளவு தூரம் ஏறி வந்தே?”

“ஆமாங்க ஐயா. எனக்கு மறந்துபோச்சு. பொழுது சாயறதுக்குள்ள கத்துக்கிட்டுப் போகணும்.”

வாசலில் கோப்பன் அவளை நெடுநேரம் நிறுத்தி வைத்திருந்தான். மடத்தின் மூத்த சீடன் அவன்; வாய்க்கொழுப்புக்குப் பேர்போனவன்.

“வரிசையில நில்லும்மா. காலம் எங்கேயும் ஓடிப்போகாது. உனக்குத் தெரியாததா?” என்றான்.

“காலம் போகாது. என் மக போயிடுவா,” என்றாள் அவள்.

அவன் விலகி வழிவிட்டான்.

காலம் ஓடாது என்பதுதான் அவர்கள் மதத்தின் முதல் வாக்கு. காலம் ஒரு வீடு. ஒவ்வொரு நாழிகையும் அதில் ஓர் அறை. மனிதர்கள்தான் அறைவிட்டு அறை போகிறார்கள். அறைகள் அப்படியே இருக்கின்றன. உள்ளே நடந்தது உள்ளே நடந்துகொண்டே இருக்கிறது.

ஒருவர் கண்மூடும் அறை அவருக்குக் கடைசி அறை. மற்றவர்கள் தாண்டிப் போய்விடுவார்கள். அவர் அங்கேயே இருந்துவிடுவார்.

ஆகவே அந்த அறையில் யாரும் அழக்கூடாது. சாகக் கிடப்பவரின் வீட்டு நிலைப்படியில் ஒரு பித்தளைத் தட்டைத் துலக்கித் தொங்கவிடுவார்கள். உள்ளே போகிறவர்கள் அதில் முகம் பார்த்து, சிரிப்பைச் சரிசெய்துகொண்டுதான் போகவேண்டும். சிரிக்க முடியாதவர்களுக்கு உள்ளே இடமில்லை.

மரகதம் வீட்டு வாசலில் அன்று காலை தட்டைத் தொங்கவிட்டிருந்தார்கள்.

“யாருக்கு?” என்றார் குரு.

“குயிலிக்கு. என் சின்ன மக. காய்ச்சல் இறங்கவே மாட்டேங்குது. மருத்துவச்சி வந்து பார்த்தா. என் முகத்தைப் பார்க்காமலே செருப்பை மாட்டிக்கிட்டுப் போயிட்டா.”

“இப்போ பக்கத்துல யாரு?”

“அவ அப்பா. அவர் சிரிச்சுக்கிட்டுத்தான் இருக்கார். என்னாலதான் முடியல. தட்டு முன்னால நின்னு வாயை இழுத்து இழுத்துப் பார்த்தேன். பல்லுதான் தெரியுது.”

முன்வரிசையில் ஒரு சீடன் களுக்கென்று சிரித்துவிட்டான். கோப்பன் அவனை முறைத்தான்.

“போன வருஷம் நல்லாத்தானே சிரிச்சே?” என்றார் குரு. “உன் மூத்தவன், சேந்தன். அவன் அறையில பாட நானும் வந்திருந்தேனே. அப்படி ஒரு முகத்தை நான் கண்டதில்ல. இங்க பாடம் சொல்லும்போதெல்லாம் உன்னைத்தான் எடுத்துச் சொல்றேன்.”

“சொல்லாதீங்க ஐயா.”

“ஏன்?”

அவள் முந்தானையை வாயில் வைத்துக் கடித்தாள். பிறகு எடுத்தாள்.

“நீங்க பாடி முடிச்சுட்டு எழுந்து போனதுக்கப்புறம் அவன் கண்ணைத் திறந்தான். நான் சிரிச்சேன். ரொம்ப நேரம் என்னையே பார்த்தான். ‘நான் சாகறதுல உனக்கு அவ்வளவு சந்தோஷமாம்மா?’ன்னு கேட்டான்.”

கூடத்தில் சீடர்கள் கையிலிருந்த விசிறிகள் நின்றன.

“நீ என்ன சொன்னே?”

“வாயைத் திறந்தா அழுகைதான் வரும்னு தெரியும். அதனால சிரிச்சேன். இன்னும் நல்லா சிரிச்சேன்.”

“அப்புறம்?”

“அப்புறம் ஒண்ணுமில்ல. சுவரைப் பார்த்துத் திரும்பிப் படுத்துக்கிட்டான்.”

குரு தரையைப் பார்த்தார்.

“எந்த அறையும் அழியாதுன்னு நீங்கதானே சொல்லிக்கொடுத்தீங்க,” என்றாள் மரகதம். “அப்படின்னா அவன் இன்னும் கேட்டுக்கிட்டே இருக்கான். நான் இன்னும் சிரிச்சுக்கிட்டே இருக்கேன். அப்படித்தானே?”

“அப்படித்தான்.”

ஒரு பொய்யாவது சொல்வார் என்று அவள் நம்பியிருந்தாள். அதற்காகத்தான் மலையேறினோமோ என்றுகூட அவளுக்கு அப்போது தோன்றியது.

“அந்த அறைக்குத் திரும்பிப் போக வழி இருக்கா?”

“இல்ல.”

“உங்களுக்குமா?”

“எனக்கும் இல்ல. அந்த வீட்டைக் கட்டினவனுக்கே இல்ல.”

“அப்படின்னா இந்த மதம் எதுக்கு ஐயா?”

கோப்பன் எழுந்துவிட்டான். “ஏம்மா, எங்க நின்னு பேசறோம்னு பார்த்துப் பேசு.”

குரு கைகாட்டி அவனை உட்கார வைத்தார்.

வெயில் நடுத்தூணைத் தாண்டிப் போயிற்று. மரகதம் வாசலையும் குருவையும் மாறி மாறிப் பார்த்தாள்.

“அவன் கேட்டப்போ,” என்றார் குரு கடைசியில், “சிரிச்சு எதை மூடினே? சொல்ல வந்து முழுங்கினது எது?”

“பெருசா ஒண்ணுமில்ல. ‘போகாதேடா, எனக்குப் பயமா இருக்கு’ன்னுதான். பெத்தவ வாயில வேற என்ன வரும்?”

“அதை ஏன் எங்கிட்ட சொல்லிக்கிட்டு இருக்கே?”

அவள் நிமிர்ந்து பார்த்தாள். அவர் முகத்தில் சிரிப்பு இல்லை. ஆறுதலும் இல்லை. அழப்போகிற பிள்ளையைப்போல் உதட்டை இறுக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

மரகதம் கும்பிடக்கூட இல்லை. எழுந்து ஓடினாள்.

இறக்கத்தில் கால் நிற்கவில்லை. விழுந்தாள், எழுந்தாள், முள்ளைப் பிடித்துக்கொண்டு இறங்கினாள். கடவுளிடம் எதையும் கேட்கத் தோன்றவில்லை. கேட்டு என்ன ஆகப்போகிறது?

வீட்டு முன்னால் பெண்கள் கூடியிருந்தார்கள். எல்லோரும் நல்ல முகத்தோடு நின்றார்கள். அவள் அழுதுகொண்டே வருவதைக் கண்டு நாத்தனார் கையைப் பிடித்து இழுத்தாள்.

“முகத்தைத் துடைச்சுக்கிட்டுப் போடி. இப்படியே உள்ள போனா அந்தப் பிள்ளைக்கு என்னைக்கும் இதுதான் நிக்கும்.”

“தெரியும் அண்ணி.”

“தெரிஞ்சுமா போறே?”

மரகதம் கையை உதறிவிட்டு உள்ளே போனாள்.

அவள் புருஷன் குழந்தையின் காலடியில் உட்கார்ந்து சிரித்துக்கொண்டிருந்தான். காலையிலிருந்து சிரித்துச் சிரித்து அவன் தாடை நடுங்கியது. அவள் கோலத்தைப் பார்த்ததும் கண்ணாலேயே ‘வெளியே போ, போ’ என்று கெஞ்சினான். வாய் மட்டும் அப்படியே இருந்தது.

குயிலி விழித்திருந்தாள். அப்பாவைப் பார்த்தாள். அம்மாவைப் பார்த்தாள். அம்மாவையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“என்னை இங்கயே விட்டுட்டு நீங்க மட்டும் அடுத்த அறைக்குப் போயிடுவீங்களாம்மா?”

மரகதத்துக்கு மூக்கு வழிந்தது. துடைக்கவில்லை.

“தெரியலடி கண்ணு,” என்றாள். “எனக்கு ரொம்பப் பயமா இருக்கு.”

“எனக்கும்,” என்றாள் குயிலி.

பிறகு சுவரோரமாக நகர்ந்து, பாயில் இடம் விட்டாள்.